உப்பளத்துக்கு ஒரு ரோடு

மரக்காணம் உப்பு உற்பத்தியாளர் சங்கத்தில் அம்சவல்லி பதினெட்டு வருஷமாக ஒரே மனுவைத்தான் டைப் பண்ணிக்கொண்டிருந்தாள். மழை பெய்தால் லாரி சேற்றில் மாட்டுகிறது, ஈ.சி.ஆர் நெடுஞ்சாலையிலிருந்து உப்பளத்துக்கு ரோடு போட்டுத் தாருங்கள் என்று பத்து வரி. அவள் வேலைக்குச் சேர்ந்தபோது ஆபீஸ் சாஃப்ட்வேர் ஒரு சிடியில் வந்து, அரிசி மூட்டை மாதிரி இருந்த கம்ப்யூட்டரில் ஏறியது. அப்புறம் லேப்டாப்புக்கு வந்தது, டேப்லெட்டுக்கு இறங்கியது, கடைசியில் போனுக்குள்ளேயே புகுந்துவிட்டது. ஒவ்வொரு தடவையும் அதற்குப் புதுப் பட்டன், புது நிறம். மனுவில் தேதியை மட்டும் மாற்றினால் போதும்.

இந்த வருஷம் செயலாளர் ராஜாங்கத்துக்கு ஞானம் பிறந்தது.

"ஏம்மா அம்சவல்லி, எல்லார் போன்லயும்தான் அந்த சாஃப்ட்வேர் இருக்குது. மனுவ குரூப்ல போட்டுட்டேன், அவங்கவங்களே எழுதிக்கட்டும். இனிமே டைப் பண்ண ஒரு ஆளு எதுக்கு? இந்த மாசத்தோட நீ நின்னுக்க" என்றார், ஏதோ அவளுக்கு லீவு கொடுப்பவர் போல.

வீட்டுக்காரர் இடுப்பொடிந்து படுத்திருந்தார். அவள் சம்பளத்தில்தான் வீட்டில் அடுப்பு எரிந்தது. அவளுக்கு வயிறு எரிந்தது.

சங்கத்தில் நாற்பத்திரண்டு பேர். அத்தனை பேருக்கும் மனுவைத் திருத்தும் உரிமை. ரோடு தன் உப்பளம் வழியாகப் போகட்டும் என்று கூனிமேடு யூசுப் பாய் ஒரு வரி சேர்த்தார். அவர் சேர்த்தால் பக்கத்து உப்பளத்துக் கலையரசன் சும்மா இருப்பாரா? கோட்டக்குப்பம் சைத்தூன் பீவிக்காக அவர் மகன் ரயான் துபாயில் உட்கார்ந்துகொண்டே ரோட்டை ஒரு வளைவு வளைத்தான். மூன்றே நாளில் பத்து வரி ஒன்பது பக்கம் ஆனது.

முப்பதாம் தேதி ரோடு விஷயமாக அதிகாரி ஒருவர் உப்பளத்தைப் பார்க்க வந்தார். உறுப்பினர்களும் அம்சவல்லியும் சுற்றி நிற்க, ராஜாங்கம் பெருமையாகப் போனை நீட்டினார். அதிகாரி வரப்பிலேயே நின்று, விரலால் தள்ளித் தள்ளிப் படித்தார்.

"இந்த ரோடு ஒரு பாத்தி விடாம எல்லாத்து மேலயும் போகுது. அப்புறம் உப்ப எங்க விளைய வைப்பீங்க?"

அதிகாரி போனை ராஜாங்கத்திடமே திருப்பிக் கொடுத்தார்.

"ஒழுங்கான மனு இப்பவே குடுத்தீங்கன்னா நாளைக்கு மீட்டிங்ல வைக்கிறேன். இல்லன்னா அடுத்த வருஷம்தான்."

ராஜாங்கம் போனைத் தடவினார், தட்டினார், கண்ணாடியைத் துடைத்துக்கொண்டு மறுபடி தட்டினார். அவர் கண்ணெதிரே ஒன்பது பக்கம் பத்துப் பக்கம் ஆனது. துபாயில் ரயான் இன்னும் ஓயவில்லை.

பழைய மனுவை மீட்கும் வழி அம்சவல்லிக்குத் தெரியும். ஒவ்வொரு திருத்தத்துக்கும் முந்தைய நகலை சாஃப்ட்வேர் பத்திரமாக வைத்திருக்கும். அதன் எல்லா அவதாரங்களோடும் மல்லுக்கட்டியவள் அங்கே அவள் ஒருத்திதான்.

"அம்சவல்லி, கொஞ்சம் பாரும்மா" என்றார் ராஜாங்கம்.

"என் வேல இன்னையோட முடியுதுண்ணே. நாளைக்கும் வர்றதா இருந்தா பாக்கறேன்."

அதிகாரி ராஜாங்கத்தைப் பார்த்தார். அத்தனை கடல் காற்றிலும் ராஜாங்கத்துக்கு வேர்த்துக் கொட்டியது.

"வாம்மா, தாராளமா வா."

"வாயால சொன்னா ஆகாதுண்ணே. எழுத்துல குடுங்க."

ராஜாங்கம் சுற்றி நின்ற உறுப்பினர்களை ஒரு பார்வை பார்த்தார். எல்லாரும் உப்பைப் பார்த்தார்கள். போனை அவளிடமே நீட்டினார்.

"அதயும் நீயே டைப் பண்ணிடும்மா. நான் கையெழுத்து போட்டுடறேன்."

அவள் வரப்பில் நின்றபடியே முதலில் தன் வேலை உத்தரவை டைப் பண்ணினாள். மனு அதற்கப்புறம்தான்.