கொரில்லாவின் உள்பக்கம்

வேஷக்கடைக்காரர் முகமூடி வாடகைக்குக் கொடுக்கும் அழகே தனி. சிங்கமோ சூனியக்காரியோ, எதுவானாலும் கையை முழுசாக நீட்டி, முகத்தை வாடிக்கையாளர் பக்கம் திருப்பி, லேசாக ஆட்டிக் காட்டுவார். ஆட்டும்போதே பேச்சுக் கொடுப்பார். "கண்ணைப் பாருங்க. உயிரோட இருக்குல்ல?" வந்தவர் கண்ணைப் பார்த்துக்கொண்டிருக்கும்போதே சிங்கம் பைக்குள் போய்விடும். பையின் வாயையும் அவரே முடிச்சுப் போட்டுத் தருவார். வீட்டில் போய் முடிச்சை அவிழ்த்த பிறகு நடப்பதெல்லாம் அந்த மனிதருக்கும் சிங்கத்துக்கும் உள்ள சமாச்சாரம்.

அவர் துணி வியாபாரிகள் நடுவில் வளர்ந்தவர். விற்கிற சரக்கை வியாபாரி உடுத்தக் கூடாது, உடுத்தினால் பழசு என்று அப்பா கடையில் அவருக்கு ஊட்டியிருந்தார்கள். அது புடவைக்குச் சொன்னது. அவர் அதை ரப்பருக்கும் சேர்த்து எடுத்துக்கொண்டார். இத்தனை வருஷத் தொழிலில் ஒரு முகமூடியைக்கூட அவர் தலையில் மாட்டியதில்லை.

வீட்டின் முன்னறை கடை. பின்னறை கிடங்கு. நடுவில் மிச்சமிருந்த இடத்தில் குடும்பம் நடந்தது. அந்தப் பின்னறை ஒரு காலத்தில் மகளின் அறை. அவள் கல்யாணமாகிப் போன மறுவாரமே அங்கே ஆணியடித்து சிங்கம், பன்றி, சூனியக்காரி, வழுக்கைக் கிழவன், குதிரை என்று வரிசையாகத் தொங்கவிட்டார். எல்லாவற்றுக்கும் நடுவில் கொரில்லா. அவர் முதன்முதலாக வாங்கிய சரக்கு. வீட்டுக்கு மூத்த பிள்ளை மாதிரி அதற்கு ஒரு மரியாதை.

செவ்வாய்க்கிழமை காலையில் மனைவி கடைக்குள் வந்து, வாடிக்கையாளர் யாரும் இல்லை என்று பார்த்துக்கொண்டு, விஷயத்தைச் சொன்னாள். மகள் முழுகாமல் இருந்தாள். மசக்கை படுத்தியது. தண்ணீர்கூட வயிற்றில் தங்கவில்லை. மருமகன் வேலை பார்ப்பது பெயின்ட் கம்பெனியில். அவன் வாசலில் செருப்பைக் கழற்றும்போதே இவளுக்குக் குமட்டியது. கொஞ்ச நாள் அம்மா வீட்டில் இருக்கட்டும் என்று டாக்டரும் சொல்லிவிட்டார்.

"ஞாயித்துக்கெழமை வர்றா" என்றாள்.

"வரட்டும். நம்ம வீட்டுக்கு வர்றதுக்கு டாக்டர் சொல்லணுமா?"

"போன தடவை என்ன ஆச்சுன்னு ஞாபகம் இருக்கா?"

இருந்தது. போன மாதம் மகள் வாசற்படியில் கால் வைத்தவள், முகமூடி நாற்றத்தில் மூக்கைப் பொத்திக்கொண்டு, வந்த வண்டியிலேயே திரும்பிப் போய்விட்டாள். "அப்பா, தப்பா நினைச்சுக்காதீங்க" என்று வண்டிக்குள்ளிருந்து கை காட்டினாள். அவர் தப்பாக நினைக்கவில்லை. ஆனால் அன்று கடைக்கு வந்த நான்கு பேரிடம் பேரம் பேசாமலேயே கேட்ட வாடகைக்குக் கொடுத்துவிட்டார். அவர் மனசு எந்த நிலைமையில் இருந்தது என்பதற்கு இதைவிடச் சாட்சி வேண்டாம்.

"முகமூடிங்களை நடை அலமாரிக்கு மாத்திடறேன்" என்றார்.

"நாத்தம் அலமாரியில ஏறி உக்காந்துக்குமா? ஞாயித்துக்கெழமைக்குள்ள அது போகணும். போகலைன்னா பழைய சாமான்காரர் வருவார். சொல்லி வெச்சுட்டேன்."

"விலை பேசிட்டியா?"

"சும்மாவே கொடுத்துருவேன்."

இதுதான் அவரை அசைத்தது. விலை பேசாமல் கொடுப்பேன் என்கிறவளிடம் எந்த வியாபாரி என்ன பேச முடியும்?

அன்றே வேலையில் இறங்கினார். ஒவ்வொரு முகமூடியின் முகத்தையும் ஷாம்பு போட்டுக் குளிப்பாட்டினார். சிங்கத்தின் பிடரியைச் சீவினார். சூனியக்காரியின் மூக்கிலிருந்த மருவைப் பழைய பிரஷால் தேய்த்துப் பளபளப்பாக்கினார். துடைத்த பிறகு தன் வழக்கப்படி ரோஜா செண்ட்டை எடுத்து, கழுத்து வழியாக உள்ளே தாராளமாக அடித்தார். வருஷக்கணக்காக அவர் கைகண்ட மருந்து அது.

மனைவி பின்னறை வாசலில் நின்று ஒரு மூச்சு இழுத்தாள். "ரோஜாத் தோட்டத்துல யாரோ செருப்பைக் கொளுத்துன மாதிரி இருக்கு" என்று சொல்லிவிட்டுப் போய்விட்டாள்.

மறுநாள் வெயிலை நம்பினார். மொட்டைமாடியில் கொடி கட்டி, தலைகளை வரிசையாகக் கிளிப் போட்டு மாட்டினார். எதிர்வீட்டுக் குழந்தை ஜன்னலில் வந்து பார்த்துவிட்டு, சாப்பிட மாட்டேன் என்றிருந்ததைக் கடகடவென்று சாப்பிட்டு முடித்ததாகப் பிறகு கேள்விப்பட்டார். மதியம் மேலே போய் வழுக்கைக் கிழவனைத் தொட்டபோது ரப்பர் பிசுபிசுத்தது. இழுத்தார். கிழவனின் இடது காது அவர் விரலோடு வந்தது.

அந்த நேரம் பார்த்து மச்சான் மாடிப்படி ஏறி வந்தார். மனைவியின் அண்ணன். தேயிலை மொத்த வியாபாரம். பிறந்ததிலிருந்து மூக்கடைப்பு. கையில் கைக்குட்டை இல்லாமல் அவரை யாரும் பார்த்ததில்லை.

"விடு மாப்ள" என்றார் காதைப் பார்த்து. "இந்த வயசுல அவன் எதைக் கேட்டு என்ன ஆகப்போகுது?"

வெயில் ரப்பருக்கு எமன் என்பது அன்றுதான் கடைக்காரருக்கு விளங்கியது. எல்லாவற்றையும் அவசரமாக நிழலுக்கு இறக்கினார். அந்த அவசரத்திலும் அவர் வியாபார மூளை சும்மா இருக்கவில்லை. மச்சானின் சிவந்த மூக்கைப் பார்த்ததும் அதில் ஒரு யோசனை உதித்தது.

கீழே வந்து மனைவியிடம் சொன்னார்: "நாத்தம் போச்சா இல்லையான்னு நானும் சொல்ல வேணாம், நீயும் சொல்ல வேணாம். பொதுவா ஒரு ஆளு சொல்லட்டும். உங்க அண்ணன் இருக்காரே, தேயிலையை மோந்தே தரம் பிரிக்கிறவர். அவர் சொன்னா எனக்குச் சம்மதம்."

மச்சான் கைக்குட்டையை எடுத்து நீளமாக மூக்கைச் சிந்தினார்.

"தரம் பிரிக்கிறது கடைப்பையன் மாப்ள. நான் பில்லுதான் போடறேன்."

மனைவிக்குச் சிரிப்பு வந்தது. அடக்கிக்கொண்டாள். "சரி, அண்ணனே சொல்லட்டும். ஆனா என் பங்குக்கு ஒண்ணு. நீங்க ஒரு தடவை ஏதாவது ஒரு முகமூடியை மாட்டிக்கணும். எங்க கண்ணு முன்னாடி."

"நானா? சரக்கையா?"

"ஏன், உங்க சரக்கு மேல உங்களுக்கே நம்பிக்கை இல்லையா?"

"மாப்ள, மாட்டிக்கிட்டே" என்றார் மச்சான், நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்தபடி. "கடையில உக்காந்து எத்தனை பேரை நீ இப்படி மடக்கியிருப்பே?"

வேறு வழியில்லை. எதை மாட்டுவது என்று பார்த்தார். கொரில்லா அவரைப் பார்த்தது. எடுத்து, கழுத்துப் பக்கத்தை விரித்து, கண்ணை மூடிக்கொண்டு தலைக்குள் இறக்கினார்.

உள்ளே ஒரு ஊரே குடியிருந்தது. யாரோ ஒருவர் வெங்காயம் சாப்பிட்டிருந்தார். இன்னொருவர் சிகரெட் பிடித்திருந்தார். ஒரு கோடைக்காலம் முழுசாக யாரோ வியர்த்திருந்தார்கள். அதற்கெல்லாம் மேலே, அழுகின பழத்துக்குச் சர்க்கரைப் பாகு ஊற்றியதுபோல அவருடைய ரோஜா செண்ட் திகட்டியது. நெற்றியில் ஈரமாக எதுவோ ஒட்டியது. தலையில் குத்தாமலிருக்க உள்ளே ஒட்டியிருந்த ஸ்பாஞ்ச் பட்டை. முகத்தைத்தான் அத்தனை வருஷமும் கழுவினார். இந்தப் பட்டையை அவர் கண்ணால்கூடப் பார்த்ததில்லை.

அந்த இருட்டில் பழைய வாடிக்கையாளர்கள் ஒவ்வொருவராக ஞாபகத்துக்கு வந்தார்கள். முகமூடியைத் திருப்பிக் கொடுக்கும்போது அவர்கள் கண்ணைப் பார்க்காமல் "நல்லாத்தான் இருந்துச்சு" என்று சொல்லிவிட்டு விறுவிறுவென்று போன விதம். அதை அவர் மரியாதை என்று எடுத்துக்கொண்டிருந்தார்.

"மாப்ள, உயிரோட இருக்கியா?" என்றது வெளியிலிருந்து மச்சானின் குரல்.

கடைக்காரர் தலையை உருவி வெளியே எடுத்தார். முகம் வெளுத்திருந்தது. பிறகு கொரில்லாவை அப்படியே சட்டையைத் திருப்புவதுபோல உள்பக்கம் வெளியே வரும்படி திருப்பினார்.

"பெரிய பேசின் எங்க இருக்கு?" என்றார்.

மனைவி குத்திக்காட்டவில்லை. பேசினை எடுத்துவந்தாள். வெந்நீரில் பச்சைத்தண்ணீர் கலந்து, முழங்கையை விட்டுப் பார்த்தாள். "வெதுவெதுப்புக்கு மேல போகக் கூடாது. சூடானா மறுபடியும் காது போகும்" என்றாள். பாத்திரம் கழுவும் சோப்பில் சில சொட்டு விட்டாள். அவர் ஸ்பாஞ்ச் பட்டைகளை நகத்தால் நெம்பி உரித்தார். பழைய பசை உருண்டு உருண்டு வந்தது. மெல்லிய துணியால் உள்கன்னம், தாடை, மூக்கின் குழி எல்லாவற்றையும் தேய்த்தார். முதல் தண்ணீர் தேநீர் நிறத்தில் போனது.

"இதை என் கடைப்பையன்கிட்ட தரம் பிரிக்கச் சொன்னா முதல் தரம்னு சொல்லுவான்" என்றார் மச்சான்.

இரண்டாவது குளியல் வினிகர் கொஞ்சம் கலந்த தண்ணீரில். மூன்றாவது வெறும் தண்ணீரில், வினிகரின் வாடையும் போகும்வரை. மகளின் மூக்குக்கு அதுவும் எதிரிதான். துடைத்த பிறகு உள்ளே சமையல் சோடாவைத் தூவி, ஒவ்வொரு தலையையும் ஒரு தலையணை உறைக்குள் போட்டுக் கட்டி, விடியும்வரை விட்டார்கள். காலையில் சோடாவைத் துடைத்தெடுத்து, செய்தித்தாளைக் கசக்கி உள்ளே அடைத்து, மின்விசிறிக்குக் கீழே நிழலில் வரிசையாக வைத்தார்கள். அடைக்கும் வேலை மச்சானுக்கு. அவர் ஒவ்வொரு தாளையும் கசக்கும் முன் படித்தார். அதனால் பன்றிக்கு வெகுநேரம் மூளை ஏறவில்லை. காய்ந்ததும், ரப்பர் ஒன்றோடொன்று ஒட்டாமலிருக்க உள்ளே சோளமாவை மெல்லியதாகப் பூசினாள் மனைவி. ஸ்பாஞ்ச் பட்டைக்குப் பதிலாக, கடைக்காரரின் பழைய பருத்தி பனியன்களை வெட்டித் தைத்து, கழற்றித் துவைக்கிற மாதிரி பட்டை செய்தாள்.

"அதுல ஒண்ணு நல்ல பனியன்" என்றார் அவர்.

"எல்லாமே உங்க கணக்குல நல்ல பனியன்தான்."

ரோஜா செண்ட் பாட்டிலை அவரே எடுத்துப் போய்க் குப்பையில் போட்டார். பாதிக்கு மேல் இருந்தது. அதையும் போட்டார்.

சனிக்கிழமை தீர்ப்பு. மச்சான் ஒவ்வொன்றிலும் மூக்கை விட்டு, "பிரமாதம், பிரமாதம்" என்று ஒரே சான்றிதழை எல்லாவற்றுக்கும் கொடுத்தார். அதை யாரும் பொருட்படுத்தவில்லை. மனைவி ஒவ்வொன்றாக மோந்து பார்த்து நடை அலமாரியில் வைத்தாள். கொரில்லாவையும் மோந்தாள். "பரவாயில்லை" என்று அலமாரிக்குக் கொண்டுபோனாள்.

"இரு" என்றார் கடைக்காரர். வாங்கி, தலையில் மாட்டிக்கொண்டார். கொஞ்சநேரம் உள்ளேயே இருந்தார். எடுத்தார்.

"இல்லை. அடியில ரோஜா இருக்கு. நான் அடிச்சது, ரப்பர்ல ஊறிப் போச்சு. இது வேணாம்."

மச்சான் கைக்குட்டையைப் பாதியில் நிறுத்தினார். தன் சரக்கில் குறை இருக்கிறது என்று இந்த மனிதர் சொல்லி அவர் கேட்டதில்லை. அதுவும் யாரும் கேட்காமலே.

மனைவி கொரில்லாவைத் திரும்ப வாங்கினாள். "பழைய சாமான்காரருக்கு வேணாம்" என்றாள். "பின்பக்க பால்கனியில நிழல் இருக்கு. காத்தாடத் தொங்கட்டும். அதுக்கு மனசு வந்தா வாடையை விடட்டும்."

ஞாயிறு காலையில் வண்டி வந்து நின்றது. மகள் இறங்கினாள். முகம் ஒட்டிப்போயிருந்தது. கையில் மூக்கைப் பொத்த ஒரு எலுமிச்சம்பழம் தயாராக வைத்திருந்தாள். வாசற்படியில் கால் வைத்து நின்றாள். கடைக்காரர் மூச்சை இழுத்துப் பிடித்துக்கொண்டார். வண்டிக்காரரை அனுப்பிவிடலாமா வேண்டாமா என்று தெரியாமல் மச்சான் அவரிடம் ஊர்க்கதை பேசிக்கொண்டிருந்தார்.

மகள் ஒரு மூச்சு இழுத்தாள். இன்னொன்று. எலுமிச்சம்பழத்தைக் கைப்பைக்குள் போட்டாள்.

"அம்மா, பசிக்குது" என்றாள்.

மனைவி அடுப்படிக்கு ஓடினாள். கடைக்காரர் மகளின் பெட்டியை வாங்கிக்கொண்டு நடை வழியாக, அலமாரிப் பக்கமாக, வேண்டுமென்றே மெதுவாக நடந்தார். பாராட்டு எதுவும் வரவில்லை. அலமாரிக் கதவைக் கொஞ்சம் திறந்தும் வைத்துப் பார்த்தார். அவள் கடந்துபோய்த் தன் பழைய கட்டிலில் காலை நீட்டிக்கொண்டு உட்கார்ந்தாள்.

"ஒரு வார்த்தை சொல்றாளா பாருங்க" என்றார் மச்சானிடம்.

"இல்லாத நாத்தத்துக்கு எவன் மாப்ள நன்றி சொல்லுவான்? சரக்கு நல்லாயிருந்தா வாங்கினவன் வாயைத் திறக்கமாட்டான். உனக்குத் தெரியாததா?"

மகள் இரண்டு தட்டுச் சாப்பிட்டாள். சாப்பிட்டது வயிற்றில் தங்கியது. நிம்மதியாகத் தூங்கினாள். அவர் அறை வாசலில் நின்று, குறட்டையா என்று காதைக் கொடுத்துக் கேட்டார். குறட்டைதான். அவள் அம்மாவைக் கொண்டு பிறந்திருக்கிறாள் என்று நினைத்துக்கொண்டார். அதை வெளியே சொல்லவில்லை.

சாயங்காலம் வானம் இருட்டிக்கொண்டு வந்தது. மனைவி பால்கனிக் கதவருகில் நின்று எட்டிப் பார்த்தாள். கொடியில் கொரில்லா ஆடிக்கொண்டிருந்தது.

"மழை வர்ற மாதிரி இருக்கு. அதை உள்ள எடுத்துட்டு வாங்க."

"எங்க வைக்க?"

"அலமாரியிலதான். கதவோரமா."

"நடுவுல வைக்கட்டுமா? மூத்தது அது."

"கதவோரமா."

எங்கே பேரத்தை முடித்துக்கொள்ள வேண்டும் என்று அவருக்குத் தெரியும். கொரில்லாவை எடுத்து, உள்ளே ஒருமுறை மூக்கை விட்டுப் பார்த்துவிட்டு, கதவோரமாகவே வைத்தார்.