நாற்பத்தொரு வெள்ளைக் கற்கள்

1

என் குற்றத்தை மறைக்கவே இக்கதையை எழுதத் தொடங்கினேன். முதல் வரைவின் முதல் வரி: "மெக்சிகோ நாட்டில், ______ ஊருக்கு வடக்கே, ______ ஓடையைத் தாண்டியதும்…"

இரு பெயர்களையும் அடித்துவிட்டேன். காரணம் பின்னர் விளங்கும்.

2

ரொமானா சோள அடை சுட்டு விற்பவள். அவளூர்க் குன்றில் நூற்பந்து என்றொரு கள்ளி உண்டு. எலுமிச்சை அளவு, உடலெங்கும் வெண்முள். உலகில் வேறெங்கும் இல்லை. கிறிஸ்துமஸ் குடிலில் ஆட்டுக்குட்டிகளாக நிறுத்த ஊரே அதைப் பிடுங்கி வந்தது; குடில் கலைந்ததும் குப்பையில் எறிந்தது. தேவன் பிறப்பதற்கு ஓர் உயிரினம் சாகவேண்டுமா என்று வீடு வீடாக வாதாடி, பஞ்சு ஆடுகளை வைக்கச் செய்தவள் ரொமானா. எஞ்சியவை நாற்பத்தொன்று. மந்தைகள் மிதிக்காதிருக்க, ஒவ்வொன்றின் அருகிலும் சுண்ணாம்பு பூசிய கல்லொன்றை வைத்தாள்.

(கல் வைக்கும் எண்ணம் அவளுக்கே தோன்றியதென முதல் வரைவில் எழுதியிருந்தேன். பொய். தேவாலய முற்றத்தில் ஒலிபெருக்கி பிடித்து, "அடையாளமிடுவோம்! அடையாளமிட்டதைக் காப்போம்!" என முழங்கியவன் நான். துண்டறிக்கையும் என்னுடையதே.)

3

ஆடு மேய்க்கும் நிகாசியோ அவள் மகனுக்கு ஞானத்தந்தை. ஆகவே அவருக்கு அவள் கொமாத்ரே. அவளுக்கு அவர் கொம்பாத்ரே.

"என்ன கொமாத்ரே, குன்னு முழுக்கக் கல்லறை கட்டிட்டீங்க? சிலுவை நடுறதுதான் பாக்கி."

"உங்க ஆட்டுக்குத்தான் கொம்பாத்ரே கல்லு. அதுங்களுக்குப் புரிஞ்சிருச்சு. உங்களுக்குத்தான் எழுதிக் காட்டணும்."

"புரியாம என்ன? அதுங்க புல்லத் தின்னு வளந்தது. நான் உங்க அடையத் தின்னுல்ல வளந்தேன்!"

4

ஒரு செவ்வாய்க்கிழமை, பட்டப்பகலில், ஊரார் சந்தைக்குச் சென்றிருந்த வேளையில், வெளியூர் வண்டியொன்று வந்தது. அரிய செடிகளைக் கடல்கடந்து விற்போர். வந்தவர்கள் தேடவே இல்லை. தேடும் வேலையை நாங்களே முடித்து வைத்திருந்தோம். நாற்பத்தொரு கல், நாற்பத்தொரு குழி.

ரொமானா ஒவ்வொரு குழியிலும் கைவிட்டுத் துழாவினாள். "வேராவது விட்டுட்டுப் போயிருக்கானான்னு பாக்குறேன்."

"எந்திரிங்க கொமாத்ரே." நிகாசியோவுக்கு அன்று கேலி வரவில்லை.

"நாந்தானே கொம்பாத்ரே காட்டிக் கொடுத்தேன்?"

நானும் அங்கே நின்றிருந்தேன். ஆயிரம் பேர் எதிர்த்தாலும் அடங்காத என் நாக்கு, "நீயல்ல, நான்" என்னும் இரண்டே சொற்களை

(இந்த வாக்கியத்தை என்னால் முடிக்க இயலவில்லை.)

5

குழிகளை மூடும்போது ரொமானா ஒன்றைக் கண்டாள். பாறை இடுக்கில், பட்டாணி அளவில், கல் வைக்கத் தவறிய நாற்பத்திரண்டாவது.

"ஆட்ட நிறுத்துங்க கொம்பாத்ரே!"

"என் ஆட்ட நிறுத்திருவேன். ஊர்ல இருக்கறதெல்லாம் என் ஆடா?"

முடிவு ஒன்று: கல் வைக்கிறாள், திருடன் வருவான். முடிவு இரண்டு: வைக்கவில்லை, குளம்பு வரும். மூன்று: வீட்டுக்குப் பெயர்த்துச் செல்கிறாள், அழுகும்; முன்பு அவள் குப்பையிலிருந்து காப்பாற்றித் தொட்டியில் நட்ட மூன்றும் அழுகின. நான்காவது, நீதி வெல்லும் முடிவு. மேடையில் நூறு முறை முழங்கியிருக்கிறேன். தாளில் எழுதக் கை கூசுகிறது.

வெள்ளைக் கல்லைக் கையில் ஏந்தியபடி அவள் என்னை நோக்கித் திரும்பினாள்.

"சொல்லுங்க பேச்சாளரே. வைக்கவா, வேண்டாமா?"

வாசகரே, விடையை நீரே கூறும். ஒன்று மட்டும் செய்யும்: மேலே பாறை இடுக்கு என்று எழுதிவிட்டேன். திருடனும் படிப்பான்; அதையும் அடித்துவிடும்.