மலவால் தவிர

...தவிர, மறுபடியும் தவிர, "எல்லாரும், ஒடில் மலவால் தவிர" என்று என் பேரை என் புருஷனே கணீரென்று படிக்கிறான், ஆறு மணிக்குப் பெட்டியை மூடியதும் ஓட்டுப் போட வந்தவர்களிலேயே நாலு பேரைப் பிடித்து எண்ண உட்காரவைப்பது இங்கே வழக்கம், போயும் போயும் ரேமோனைத்தான் பிடிக்க வேண்டுமா, அதுவும் படிக்கிற வேலைக்கு. ஊர்சபைக்கு நிற்கிற பதினோரு பேரின் பெயர்களை அச்சடித்த சீட்டு, எங்கள் மாதிரி சின்ன ஊரில் பிடிக்காத பேரை மட்டும் கோடு போட்டு அடித்துவிட்டு மீதியை விட்டுச் சீட்டை உறைக்குள் போடலாம், அதனால் யார் தோற்றாலும் கட்சி தோற்றது என்று சொல்லித் தப்பிக்க முடியாது, அந்த ஆள்தான் தோற்றான், அவன் மூஞ்சிதான் பிடிக்கவில்லை. இதோ இன்னொன்று, பென்சில் கோடு, மேலும் கீழுமாய் நாலு தடவை இழுத்திருக்கிறார்கள், காகிதமே கிழிகிற மாதிரி, இவ்வளவு கோபமா, நான் யார் குடியைக் கெடுத்தேன்... கெடுத்தேன்தான், பள்ளிக்கூடத்தைப் பக்கத்து ஊரோடு சேர்க்க கையெழுத்துப் போட்டது நான்தானே, ஒன்பது பிள்ளைகளை வைத்துக்கொண்டு எத்தனை வருஷம் ஓட்டுவது, பனியில் பிள்ளைகளோடு பேருந்து மாட்டிக்கொண்ட அன்றைக்கு அத்தனை தாய்மாரும் என் வீட்டு வாசலில் வந்து நின்றார்கள், ஒருத்தி கூடத் திட்டவில்லை, சும்மா நின்றார்கள், திட்டியிருந்தால் தேவலை.

இந்தப் பள்ளிக்கூட வகுப்பறையில்தான் எண்ணுகிறோம், அதுவும் என் தலையெழுத்து. கணக்குத் தாளில் கோடு கிழித்துக்கொண்டிருக்கிற பேக்கரி கிஸ்லேன் தலையைத் தூக்காமலே சொல்கிறாள், "பெஞ்சு எவ்ளோ குட்டையா இருக்கு பாருங்க மேயரம்மா. புள்ளைங்க போனதுக்கப்புறம் நம்ம முட்டிதான் இடிக்குது." மேஜையைச் சுற்றிச் சிரிப்பு. நானும் சிரித்தேன், சிரிக்கத் தெரியாவிட்டால் இருபத்தைந்து வருஷம் இந்த வேலையில் இருந்திருக்க முடியுமா, எண்பத்தொன்பதில் முதல் தடவை நின்றபோது "பொம்பளை வந்து சாக்கடைக்குக் குழாய் போடுவாளா" என்று கேட்டவர்களையும் சிரித்தே சமாளித்தேன், குழாயும் போட்டேன், அப்புறம் மேயர், அப்புறம் மாவட்ட சபை, அப்புறம் பாரிஸ், ஐந்து வருஷம் நாடாளுமன்றம், அங்கே ஒருத்தன் நான் பேச எழுந்தபோதெல்லாம் ஆடு மாதிரிக் கத்துவான், எங்கள் மலையில் ஆடுதான் அதிகமாம், அவனுக்கும் சிரித்தேன். போன தடவை பாரிஸ் சீட்டு போனது, போகட்டும், அது கட்சி, காற்று, டிவி. இது அப்படி இல்லை, இங்கே ஒவ்வொரு கோட்டுக்கும் ஒரு கை இருக்கிறது, அந்தக் கையை நான் குலுக்கியிருக்கிறேன். இந்த ஊரும் என்னை வேண்டாம் என்றால் நான் யார்... அறுபத்தோரு வயதில் வீட்டில் உட்கார்ந்து என்ன செய்வேன், எனக்குச் சமைக்கக்கூட வராது.

"எல்லாரும்..." என்று தொடங்கிவிட்டு ரேமோன் மூக்குக்கண்ணாடியைச் சரிசெய்துகொண்டான், அவன் தோளுக்குப் பின்னால் நின்றிருந்த நான் எட்டிப் பார்த்தேன், வேட்பாளர் பார்க்கலாம், சட்டம் இருக்கிறது. நீலப் பேனா, ஒரே கோடு, முடிகிற இடத்தில் மேல்நோக்கி ஒரு சின்னக் கொக்கி. "...ஒடில் மலவால் தவிர" என்றான், அதே குரலில், சீட்டை அடுத்த ஆளிடம் நீட்டினான். அந்தக் கொக்கியை நான் பார்க்காத நாள் உண்டா, குளிர்பெட்டி மேல் அவன் ஒட்டிய கடைச் சீட்டில், வெண்ணெய் வாங்கியாச்சு, கொக்கி, காபி வாங்கியாச்சு, கொக்கி... இல்லை, உலகத்தில் வேறு யாரும் கொக்கி போட மாட்டார்களா, நீலப் பேனா யாரிடம்தான் இல்லை, இன்று காலையில்தானே என் கோட்டுக்கு இஸ்திரி போட்டுக் கொடுத்தான், "இந்தக் கழுத்துத் துணி வேணாம், அந்தச் செவப்பு போடு" என்றுகூடச் சொன்னான், அப்படிச் சொல்லிவிட்டு மறைப்புத் துணிக்குள் போய் என்னை அடித்தானா. படுபாவி. பிடரியைப் பார், ஒன்றும் தெரியாத பிடரி.

இருநூற்றுப் பதினான்கு சீட்டு, பாதிக்கு மேல் வேண்டும், நூற்றெட்டு. மற்ற பத்துப் பேரும் தேறிவிட்டார்கள். எனக்கு நூற்றேழு. கிஸ்லேன் இரண்டு முறை எண்ணினாள், மூன்றாம் முறை எண்ணும்போது அவள் குரலில் கிண்டல் இல்லை, "ஒண்ணே ஒண்ணு குறையுது மேடம்" என்றாள், மேயரம்மா என்று சொல்லவில்லை, அதுதான் சுருக்கென்றது. அடுத்த ஞாயிறு இரண்டாம் சுற்று, பதினோராவது இடத்துக்கு நானும் எதிரணிப் பட்டியலில் நின்ற ஒருத்தரும் மோத வேண்டும்.

வெளியே இன்னும் வெளிச்சம் மிச்சம் இருக்கிறது, ரேமோன் என் பையைத் தூக்கிக்கொண்டு பக்கத்தில் நடக்கிறான், தண்ணீர்த்தொட்டி தாண்டியதும் கேட்டேன், கத்திவிடுவேனோ என்று பயம், மெதுவாகத்தான் வந்தது.

"நீயா?"

"ஆமா."

மறுக்கக்கூட இல்லை. "பள்ளிக்கூடத்துக்காகவா?"

"பள்ளிக்கூடத்தை நீ மூடினது சரிதான்." கொஞ்ச தூரம் நடந்தான். "எண்பத்தொம்போதுலேருந்து ஒவ்வொரு தடவையும் உன் பேரை அடிச்சிருக்கேன் ஒடில். நீதான் ஒவ்வொரு தடவையும் ஜெயிச்சுட்டே."

ஒவ்வொரு தடவையும். செவ்வாய்க்கிழமை விடியலில் பாரிஸுக்கு என்னை ரயிலேற்ற ஐம்பது கிலோமீட்டர் வண்டி ஓட்டினானே, அந்த வருஷங்களிலும், நான் ஜெயித்த இரவுகளில் எல்லாருக்கும் ஒயின் ஊற்றினானே, அப்போதும், சட்டைப்பையில் அந்தப் பேனாவோடுதானா... கோபம் வரவேண்டும், வந்தது, பாதியிலேயே எங்கோ போய்விட்டது.

"ஏன் சொல்லலை?"

"நீ கேக்கலையே. ரெண்டு தட்டு வெச்சு ஒண்ணுல சாப்பிட்டு எந்திரிக்கறது எனக்குப் பழகவே இல்லை, அவ்ளோதான். ஏதோ என்னால முடிஞ்சது ஒரு கோடு."

வாசலில் நின்று சாவியைத் தேடினான், தேடிக்கொண்டே, என் முகத்தைப் பார்க்காமல், "அடுத்த ஞாயிறும் பெட்டி வைப்பாங்க. அடிக்கட்டுமா வேணாமா, நீயே சொல்லு, சொன்னபடி செய்யறேன்" என்றான். நூற்றேழு, ஒன்றே ஒன்று, இதோ கையெட்டும் தூரத்தில் நிற்கிறது, கேட்டால் கிடைக்கும். இந்த ஊரில் நான் ஏறி ஓட்டுக் கேட்காத படி இல்லை, மாவுக் கையோடு நின்ற கிஸ்லேனிடம் கேட்டேன், நாயை அவிழ்த்துவிட்டவனிடம் கேட்டேன், படுத்த படுக்கையாய்க் கிடந்தவர்களிடம்கூடக் கேட்டேன், இவனிடம் மட்டும் ஒரு தடவைகூடக் கேட்டதில்லை, கேட்க வேண்டும் என்றே தோன்றியதில்லை. எனக்குப் போடு என்று சொல்ல எத்தனை நேரம் ஆகும், ஆயிரம் பேரிடம் சொன்ன வாய்தானே. கதவு திறந்துவிட்டது, உள்ளே மேஜையில் காலையிலேயே அவன் எடுத்துவைத்த இரண்டு தட்டு இருக்கிறது, அவன் விளக்கைப் போடாமல் என் பதிலுக்காக நிற்கிறான், நான் இன்னும் கோட்டைக் கழற்றவில்லை.