கைராசிக்காரி

பாண்டியராஜன் அண்ணாச்சிக்குச் சாமியைவிடப் போணியில்தான் நம்பிக்கை அதிகம். தூத்துக்குடி பஸ் ஸ்டாண்டை ஒட்டிய அவருடைய ஐஸ்வர்யா ஸ்டோர்ஸில் முதல் காசு யார் கையால் விழுகிறது என்பதை வைத்தே அன்றைய நாளை முடிவு செய்துவிடுவார். கடன் கேட்கிறவன் முந்திக்கொண்டால் போச்சு, அன்று வீட்டில் யாரும் அவரிடம் வாய் கொடுக்க முடியாது.

மகள் ஐஸ்வர்யாவுக்கு மருத்துவக் கல்லூரியில் இடம் கிடைத்தது. நல்ல நாள், நல்ல நேரம் என்று கடைசி நாள்வரை இழுத்தடித்தவர் அவர்தான். அன்று பார்த்து பஸ் வழியில் படுத்துவிட்டது. நேரம் முடிந்துவிட்டது, சேர்க்க முடியாது என்றார்கள். அடுத்த சுற்றில் அந்த இடம் வேறொரு பெண்ணுக்குப் போனது. அண்ணாச்சி மதுரை ஐகோர்ட்டில் வழக்குப் போட்டார்.

வாய்தா நாட்களில் ஐஸ்வர்யா தாய்மாமனோடு மதுரைக்குப் போவாள். அண்ணாச்சி கடையை விட்டு நகர மாட்டார். அந்த நாட்களில் ஒரு பெண் ஆறுமுகநேரி முதல் பஸ்ஸில் வந்து இறங்கி, மதுரை பஸ் ஏறுவதற்கு முன் அவரிடம் பிஸ்கட் வாங்குவாள். முதல் தடவை அவள் போணி பண்ணிய அன்று வழக்கை விசாரணைக்கு எடுத்தார்கள். அடுத்த தடவை கல்லூரியைப் பதில் சொல்லச் சொன்னார்கள். அண்ணாச்சிக்கு இதற்கு மேல் என்ன வேண்டும்?

மூன்றாம் தடவை அவள் வந்தபோது, "நீ கைராசிக்காரி தாயி," என்று அவள் தந்த ரூபாய்த் தாளைக் கண்ணில் ஒற்றிக்கொண்டார். "எம்மக சீட்டுல ஒருத்தி ஏறி உக்காந்திருக்கா. அவ உருப்படவா செய்வா? நாசமாத்தான் போவா, பாத்துக்க."

அவள் நிமிர்ந்து கடையின் பெயர்ப்பலகையைப் பார்த்தாள்.

"அப்படியா அண்ணாச்சி," என்றாள். அதற்குப் பிறகும் வாய்தாவுக்கு வாய்தா வந்து வாங்கினாள்.

கடைசி விசாரணைக்குக் கடையைப் பூட்டிவிட்டு அவரே போனார். கோர்ட் வராந்தாவில் அவள் ஒரு வக்கீலோடு நின்றுகொண்டிருந்தாள். தெரிந்த முகம் என்று சிரித்தபடி கையைத் தூக்கினார். ஐஸ்வர்யா அவர் சட்டையைப் பிடித்து இழுத்தாள்.

"அப்பா, யாருக்குக் கை காட்டுதிய? அவதான் ஜெயபிரியா. என் சீட்டுல இருக்கவ. நாம ஜெயிச்சா அவ வெளிய போவணும்."

தூக்கிய கையை எங்கே வைப்பதென்று தெரியவில்லை அவருக்கு. முதலில் வெட்கமாக இருந்தது. வீடு வந்து சேர்வதற்குள் அது பயமாக மாறிவிட்டது. எல்லாம் தெரிந்துகொண்டே அல்லவா வந்து வந்து வாங்கியிருக்கிறாள்!

தீர்ப்பு நாள் காலை. அண்ணாச்சி ஷட்டரைத் தூக்கினார். முதலில் செருப்புத் தெரிந்தது, பிறகு பாவாடை, பிறகு அவள் முகம்.

"எப்பவும் வாங்குத பிஸ்கட்," என்று தாளை நீட்டினாள்.

தேடிவந்த போணியைத் தள்ளினால் குடும்பத்துக்கே ஆகாது. வாங்கினால், இன்று அந்தக் கை யாருக்கு ராசி? பக்கத்தில் வேறு ஆள் யாராவது வருகிறார்களா என்று பார்த்தார். ஒருவரும் இல்லை. தாளை வாங்கி, நேரே கல்லாவில் போடப் போனார்.

"கண்ணுல ஒத்தலையா அண்ணாச்சி?"

மதுரை பஸ் ஹாரன் அடித்தது. அவள் நகரவில்லை. நாசமாய்ப் போவாள் என்று அவர் சொன்ன சொல் இரண்டு பேருக்கும் நடுவில் நின்றது. அண்ணாச்சி அந்தத் தாளை எடுத்துக் கண்ணில் ஒற்றினார்.

அதே பஸ்ஸுக்குக் கிளம்பி வந்த ஐஸ்வர்யா, அதைப் பார்த்துக்கொண்டு வாசலில் நின்றாள்.