நூற்று எண்பத்தேழாம் பக்கத்தில் ஒரு வரி

1

முதலிலேயே ஒப்புக்கொள்கிறேன், எனக்குக் கதை எழுதத் தெரியாது. பென்சில்வேனியாவில் முப்பது வருடம் நிருபராக இருந்தவன். ரயில் வந்தது, மின்சாரம் வந்தது, தொலைபேசி வந்தது என்று எங்கள் நாட்டைப் பற்றி மூன்று புத்தகங்கள் எழுதியிருக்கிறேன். மூன்றுக்கும் பின்னால் அறுபது எழுபது பக்கம் ஆதாரக் குறிப்புகள் உண்டு. இதற்கு இல்லை. ஆதாரம் போதாமல் மிஞ்சியதைத்தான் இங்கே கதையாக எழுதுகிறேன்.

தொலைபேசிப் புத்தகத்தின் 187ஆம் பக்கத்தில் இப்படி ஒரு வரி:

'லோர்னா ட்ரெஸ்லர் பலகையை விட்டு ஓடினாள். மில் தெருவில் ஒன்பது பேர் இறந்தனர்.'

1938 ஏப்ரலில், கார்வர்ஸ் ஃபோர்க் ஊருக்கு மேலே அணை உடைந்தது. அங்கே டெலிபோன் எக்ஸ்சேஞ்சில் இணைப்புப் பலகைக்கு முன் இருந்தவள் லோர்னா. வீடு வீடாகக் கூப்பிட்டு எச்சரிக்க வேண்டியவள் அவள்தான். அதே வெள்ளத்தில், பக்கத்து ஊரில் ஹேஸல் க்விம்பி என்பவள் கடைசி அழைப்புவரை இருந்து பலகையோடு அடித்துச் செல்லப்பட்டாள். ஹேஸலுக்கு நான்கு பக்கம் கொடுத்தேன். அவள் பளிச்சென்று தெரிய, பக்கத்தில் கொஞ்சம் இருட்டு வேண்டியிருந்தது. (இதை எந்தப் பேட்டியிலும் சொன்னதில்லை.)

புத்தகம் வந்து ஆறு மாதத்தில் ஒரு கடிதம். 'லோர்னா என் அம்மா. ஒருமுறை வந்து போக முடியுமா?' எழுதியவர் மகள் ஆர்லின் ட்ரெஸ்லர், வயது 81.

2

எழுதிப் பார்த்த தொடக்கங்கள்:

அன்று மதியம் ஆற்றின் இரைச்சல் வேறு மாதிரி

(நான் அங்கே இருந்தேனா? அடித்துவிட்டேன்.)

ஆர்லின் கோபக்காரர். கதவைத் திறந்ததுமே

(கோபக்காரராக இருப்பார் என்று எதிர்பார்த்துப் போனது நான். அவர் கதவைத் திறந்ததும் கேட்டது, "ஷூவக் கழட்ட வேணாம், உருளைக்கிழங்கு சூப் சாப்பிடுவீங்கல்ல?" என்றுதான்.)

ஆகவே சூப்பிலிருந்து தொடங்குகிறேன்.

3

சூப்பில் உப்பு அதிகம். மேசையில் என் புத்தகம், அந்தப் பக்கத்தில் ஒரு பல்குத்தும் குச்சி.

"தப்புன்னு சொல்லத்தான் கூப்பிட்டீங்களா?" என்றேன். வழக்கு வருமோ என்ற பயத்தில் குரல் கொஞ்சம் விறைப்பாக வந்துவிட்டது.

"ஒன்பது பேர் செத்தாங்க. அது நிஜம். அம்மா எழுந்து போனா. அதுவும் நிஜம்." ஒரு வாய் சூப் குடித்தார். "ஆனா ஏன்ப்பா, ஓடினான்னு போட்டீங்களே, எட்டு மாச வயித்தோட யாராவது ஓட முடியுமா?"

நான் கரண்டியைக் கீழே வைத்தேன்.

"மாடியில இருந்தது எக்ஸ்சேஞ்ச். இருபத்திரண்டு படி. கட்டடமே ஆடுதாம். கைப்பிடியப் புடிச்சுக்கிட்டு ஒவ்வொண்ணா இறங்கியிருக்கா. குன்று மேல ஏறித் திரும்பிப் பாத்தா, கட்டடத்தக் காணோம்."

"இதுக்கு ஆதாரம் ஏதாவது…"

கேட்டதும் எனக்கே வெட்கமாக இருந்தது. அவர் சிரித்துவிட்டார். தயாராகத்தான் இருந்திருக்கிறார்; பிறப்புச் சான்றிதழை எடுத்து என் பக்கம் தள்ளினார். அணை உடைந்து ஐந்து வாரம் கழித்துப் பிறந்திருக்கிறார்.

"நான்தான்ப்பா ஆதாரம்."

பலகையில் வரிசைப்படி அழைத்துக்கொண்டே வந்தாளாம். மில் தெரு கடைசி வரிசை. அந்த வரிசையைத் தொடும்போதுதான் கட்டடம் ஆட ஆரம்பித்ததாம். இதற்கு அவள் சொன்னது தவிர வேறு சாட்சி இல்லை.

"ஸ்கூல்ல பசங்க என்னப் பாத்தா காதுல கைய வச்சுப்பானுங்க. 'ஹலோ, ஹலோ, யாராச்சும் இருக்கீங்களா?'ன்னு கத்திட்டு ஓடிடுவானுங்க. அம்மாகிட்ட சொன்னதில்ல." சூப்புக் கிண்ணத்தைத் தள்ளி வைத்தார். "அவளுக்கு ஒரு பழக்கம். எங்க போன் அடிச்சாலும் எடுத்துடுவா. கடையில, சர்ச்சுல, எங்கயும். பல் டாக்டர் ரூம்ல வாயில பஞ்ச வச்சுக்கிட்டே எழுந்து போயி எடுத்தா. டாக்டர் மிரண்டுட்டாரு."

சேர்ந்து சிரித்தோம். பிறகு அவர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். நான் சூப்பைக் குடித்து முடித்தேன்.

4

வீட்டுக்கு வந்ததும் அணை உடைந்ததைப் பற்றிய விசாரணை அறிக்கையின் நகலைத் தேடி எடுத்தேன். 'மூன்று நாற்பதுக்கு ஆபரேட்டர் இடத்தை விட்டு நீங்கினார்.' நீங்கினார். அந்தச் சொல் சப்பென்று இருந்ததால் ஓடினாள் என்று மாற்றியவன் நான். மூன்று புத்தகங்களில் இதுபோல் இன்னும் எத்தனை வினைச்சொற்களை மாற்றியிருக்கிறேனோ?

பதிப்பாசிரியர் கோரினைக் கூப்பிட்டேன். மறுபதிப்பு அச்சுக்குப் போக நான்கு நாள் இருந்தது.

"ஒரு பத்தி சேர்க்கணும், கோரின்."

"பத்தியா? விளையாடுறீங்களா? பக்கம் நகர்ந்தா பின்னாடி குறிப்பு, அட்டவணை எல்லாமே நகரும். ஒரு வரிய எடுங்க, அதே நீளத்துல ஒரு வரி குடுங்க. வெள்ளிக்கிழமை அஞ்சு மணி."

ஒரு வரிக்கு ஆங்கிலத்தில் அறுபத்தெட்டு எழுத்து இடம்.

எழுதினேன். 'எட்டு மாதக் கர்ப்பிணி லோர்னா ட்ரெஸ்லர் பலகையை விட்டு நீங்கினாள்.' சரியாகப் பொருந்தியது, ஆனால் ஒன்பது பேருக்கு இடமில்லை. ஆர்லினுக்குத் தொலைபேசியில் படித்துக் காட்டினேன். சந்தோஷப்படுவார் என்று நினைத்தேன்.

"அந்த ஒன்பது பேரு எங்க?"

"இடமில்ல, ஆர்லின்."

"அவங்கள எடுக்காதீங்க. ஒன்பது பேரோட பேரும் அம்மாவுக்குச் சாகுறவரைக்கும் மனப்பாடம். அம்மாவுக்காக அவங்கள எடுத்தா அவளுக்கே பிடிச்சிருக்காது." பிறகு அவரே ஒரு வழி சொன்னார். "அவ பேர வேணும்னா எடுத்துடுங்க. கர்ப்பிணி ஒருத்தின்னு போடுங்க. போதும்."

"எண்பது வருசம் கழிச்சு இப்பத்தான் உங்க அம்மா பேர் சரியான வரியில வரப்போவுது. நான் எடுக்க மாட்டேன்."

"அப்ப என்னை எடுத்துடுங்க," என்றார் வயிற்றிலிருந்த அந்தப் பிள்ளை.

5

முடிவுகளையும் எழுதிப் பார்த்தேன்.

(அ) கோரின் மனமிரங்கி இரண்டு வரி தருகிறாள். அவளை எனக்குத் தெரியும். தரமாட்டாள்.

(ஆ) ஹேஸலின் நான்கு பக்கத்தில் ஒரு வரியைக் குறைத்து லோர்னாவுக்குக் கொடுக்கிறேன். அது வேறு பக்கம், இரண்டுமே நகரும். அதோடு, ஹேஸல் என்ன தப்பு செய்தாள்?

(இ) ஆர்லின் அந்தப் பக்கத்தைத் திறந்து

(தெரியவில்லை. அவர் முகத்தை என்னால் எழுத முடியவில்லை.)

இன்று வெள்ளிக்கிழமை, மணி நாலேகால். 'ஓடினாள்' போய்விட்டது, அது மட்டும் உறுதி. லோர்னாவின் பெயர், அவள் வயிற்றிலிருந்த பிள்ளை, மில் தெருவின் ஒன்பது பேர். மூன்றில் இரண்டுக்குத்தான் இடம் இருக்கிறது. ஒருவர் வெளியே நிற்க வேண்டும்.

இதுவரை கூடவே வந்தீர்கள், ஆர்லினின் உப்புச் சூப்பைக்கூடக் குடித்தீர்கள். நாற்பத்தைந்து நிமிடம் இருக்கிறது. சொல்லுங்கள், யாரை வெளியே நிறுத்துவீர்கள்?