ரேணுகாம்பாளின் கையெழுத்து

கிறிஸ்டோபர் தன் அம்மாவுக்குச் செய்த ஒரே உபகாரம், அவளுக்குக் கையெழுத்துப் போடக் கற்றுக்கொடுத்ததுதான். மற்றபடி சாப்பிட்ட தட்டைக்கூட எடுத்து வைக்கமாட்டான், மகாராசன். நெசவாளர் சொசைட்டியில் தறிக்குப் பாவு நூல் வாங்கும்போது எல்லோரும் பெயர் எழுத, தன் அம்மா மட்டும் கட்டைவிரலை மையில் ஒற்றுவது அவனுக்குப் பொறுக்கவில்லை. ஒரு மாதம் சிலேட்டோடு மல்லுக்கட்டினான். அந்தப் பெயரைத் தவிர வேறு ஓர் எழுத்தும் ரேணுகாம்பாளுக்குத் தெரியாது. ஆனால் அது மட்டும் முத்து முத்தாக விழும்.

பத்தொன்பது வயதில் அவனை ஏரியிலிருந்து பிணமாகத் தூக்கினார்கள். முந்தின நாள் மூன்று பேர் அவனை ஜீப்பில் ஏற்றியதை அவளே பார்த்தாள். குளிப்பாட்டும்போது இரண்டு மணிக்கட்டிலும் கயிற்றுத் தடம் இருந்தது. எல்லாவற்றையும் புகாரில் சொன்னாள். குளிக்கப் போனவன் மூழ்கிவிட்டான் என்று போலீஸ் முடித்துக்கொண்டது. தண்ணீரிலேயே வளர்ந்த பிள்ளை மூழ்கினானாம்! கேட்பவன் கேனையன் என்றால் கேழ்வரகில் நெய் வடியும்.

எட்டு மாதம் அலைந்தபிறகு யாரோ சொல்லிச் சின்ன காஞ்சிபுரத்து வக்கீல் யதிராஜனிடம் போனாள்.

"போலீஸ் மூடிட்டா எல்லாம் முடிஞ்சுடாதும்மா. மூடப்போறோம்னு உங்களுக்கு நோட்டீஸ் குடுக்கணும். நீங்க கோர்ட்ல ஆட்சேபிக்கலாம். மறுபடி விசாரின்னு மாஜிஸ்ட்ரேட் உத்தரவு போடலாம்" என்றார் அவர்.

அன்றைக்குத்தான் அவள் வயிறாரச் சாப்பிட்டாள்.

அடுத்த வாரம் கோர்ட்டிலிருந்து வழக்குக் காகிதங்களின் நகல் வாங்கி வந்த வக்கீலின் முகம் சரியில்லை.

"இது உங்க கையெழுத்தா?"

"ஆமா சார். ஏட்டு குப்புசாமி வந்தாரு. கடுதாசி வந்திருக்குது, வாங்கினதுக்கு ஒரு கையெழுத்து போடும்மான்னாரு. பாவு வாங்கினா போடுவோமே, அப்படி போட்டேன்."

"கடுதாசி எங்க?"

"அவரே எடுத்துக்கினு பூட்டாரு."

சொசைட்டியில் கையெழுத்து என்றால் பொருள் கைக்கு வந்தது, அவ்வளவுதான். நூல் சரியில்லாவிட்டால் மறுநாளே திருப்பிக் கொடுக்கலாம். யதிராஜன் நகலில் அவள் கையெழுத்துக்கு மேலே இருந்த வரியைப் படித்துக் காட்டினார். "விசாரணையில் எனக்குத் திருப்தி. வழக்கை முடிக்க ஆட்சேபணை இல்லை."

பாவி, நானா சொன்னேன் இதை!

வழக்கை மூடச் சொல்லும் போலீஸ் அறிக்கையை மாஜிஸ்ட்ரேட் இன்னும் ஏற்கவில்லை. எழுதப் படிக்கத் தெரியாதவளை ஏமாற்றி வாங்கிய கையெழுத்து என்று யதிராஜன் ஆட்சேப மனு போட்டார். போலீஸ் தரப்பு சொசைட்டிப் பாவுப் புத்தகத்தைக் கொண்டுவந்து நீட்டியது. பக்கத்துக்குப் பக்கம் அவள் பெயர்.

"நாலு வருஷமா கையெழுத்து போடறீங்க. இவ்வளவு அழகா எழுதறவங்களுக்குப் படிக்கத் தெரியாதா?" என்றார் மாஜிஸ்ட்ரேட்.

"பேரு மட்டுந்தாங்க தெரியும். எம்புள்ள சொல்லிக்குடுத்தான்."

பின்னால் யாரோ சிரித்தார்கள். மாலைக்குள் மனு தள்ளுபடியானது, வழக்கும் முடிந்தது.

வெளியே வந்த யதிராஜன் அவளை நிமிர்ந்து பார்க்கவில்லை. "ஹைகோர்ட்டுக்குப் போகலாம்மா. அங்கயும் இந்தக் காகிதந்தான் முன்னாடி நிக்கும். கைரேகையா இருந்திருந்தா நான் விட்டிருக்கமாட்டேன்."

ரேணுகாம்பாளுக்குச் சிலேட்டைப் பிடித்த மகனின் ஒல்லி விரல்கள்தான் கண்ணுக்குள் நின்றன. பிள்ளை ஆசையாகக் கற்றுக்கொடுத்ததை வைத்தே அவன் வழக்கைத் தன் கையால் மூடிவிட்டாள். இதற்கு எந்தக் கோர்ட்டில் மனு போடுவது?

உத்தரவு நகல் வாங்க ஒரு வாரம் கழித்துப் போனாள். குமாஸ்தா நோட்டைத் திருப்பிப் பேனாவை நீட்டினார்.

"மைப் பெட்டி குடுப்பா" என்றாள்.

"உனக்குத்தான் நல்லா கையெழுத்து போடத் தெரியுமே?"

"தெரியாதுப்பா" என்றவள், கட்டைவிரலை மையில் அழுத்தினாள். "சொல்லிக்குடுத்தவன் செத்துட்டான்."