கொடுப்பதா, மறுப்பதா

மைசூர் மண்டி மொஹல்லாவில் வாடகைக்குப் பிடித்த கடையில் மெஸ் நடத்த லைசென்ஸ் கேட்டு மாநகராட்சி ஆபீஸில் ராமக்காள் விண்ணப்பித்து ஒரு வருடத்துக்கு மேல் ஆகிவிட்டது. தருகிறோம் என்றும் சொல்லவில்லை, தரமாட்டோம் என்றும் சொல்லவில்லை. பொறுக்க முடியாமல் ஒருநாள் அடுப்பைப் பற்றவைத்தாள். ஆபீஸ் ஆட்கள் வந்து எரிகிற அடுப்பில் தண்ணீரைக் கொட்டிவிட்டுப் போனார்கள்.

மறுநாள் லைசென்ஸ் அதிகாரி ஸ்ரீனிவாசராகவனின் மேஜை முன்னால் போய் நின்றாள். தலைமுறைகளாக மைசூரில் வாழும் தமிழ்க் குடும்பம் அவருடையது. அது தெரிந்துதான் தமிழில் கேட்டாள்.

“ஏனுங்க சார், எங்க அர்ஜி என்னாச்சுங்க?”

பக்கத்து மேஜைக் குமாஸ்தாக்கள் நிமிர்ந்தார்கள். அவர் முகம் கறுத்தது. “இது சர்க்கார் ஆபீஸ். கன்னடத்தில் பேசு” என்று கன்னடத்தில் அதட்டினார். அவள் அதையே கன்னடத்தில் கேட்டாள். “பரிசீலனையில் இருக்கிறது. போ.”

அவள் கணவன் காளியப்பன் கட்டட மேஸ்திரி. “ஆபீசரப் பகைச்சுக்காத புள்ள. இது தமிழாளுக நெறஞ்ச நம்மூரு கௌதள்ளி இல்ல” என்றான். அவள் கேட்கவில்லை. வக்கீல் உமாதேவியைப் பிடித்து, பெங்களூர் ஹைகோர்ட்டில் வழக்குப் போட்டாள்.

நீதிபதி அதிகம் பேசவில்லை. கொடுப்பதா மறுப்பதா என்பது அதிகாரியின் பொறுப்பு. எதையும் சொல்லாமல் இழுத்தடிக்க அவருக்கு உரிமை இல்லை. ஆறு வாரத்துக்குள் காரணத்தோடு முடிவெடுக்க வேண்டும் என்று உத்தரவிட்டார்.

ஸ்ரீனிவாசராகவன் கெடு முடியும் வாரத்தில் கடைக்கு வந்தார். சுவரை, சாக்கடையை, கூரையைக் குற்றம் தேடிப் பார்த்தார். கூட யாரும் இல்லாததால் தமிழ் வந்தது.

“கோர்ட்டுக்கா போறே? முடிவுதானே வேணும்? தர்றேன்.”

இரண்டே நாளில் முடிவு வந்தது. மனு நிராகரிக்கப்பட்டது. புகைபோக்கி தாழ்வாக இருக்கிறது, பக்கத்து வீட்டுக்குள் புகை போகும் என்பது காரணம்.

காளியப்பன் தலையில் கைவைத்து உட்கார்ந்துவிட்டான். வக்கீலோ சிரித்தாள். “சும்மா இருந்த வரைக்கும் நமக்குப் பிடியே இல்ல. இப்ப ஒரு காரணம் எழுதிக் குடுத்துட்டார். அதச் சரி பண்ணிட்டா வேற என்ன சொல்லுவார்?”

அந்த வாரமே காளியப்பன் புகைபோக்கியைப் பக்கத்து மாடிக்கு மேலே உயர்த்திக் கட்டினான். ராமக்காள் அவனையும் கூட்டிக்கொண்டு போய், புது மனுவைக் கோர்ட்டு உத்தரவின் நகலோடு மேஜைமேல் வைத்தாள்.

ஸ்ரீனிவாசராகவன் இருவரையும் வராந்தாவுக்கு அழைத்துப்போனார்.

“காவிரிக் கலவரத்தப்போ எங்காத்து ஜன்னலெல்லாம் உடைச்சா. அதுலேர்ந்து தமிழாளுக்கு எதுல கையெழுத்துப் போட்டாலும், ‘உங்க ஆளா சார்?’னு கேக்கறா. நான் என்ன பண்ணட்டும்?”

“கலவரத்துல எங்க குடிசையவே கொளுத்துனாங்க” என்றாள் ராமக்காள். “உங்க பயத்துக்கு என்ற அடுப்பு எதுக்குங்க அணைஞ்சு கெடக்கோணும்? புகைபோக்கி பத்தலைன்னு மொதல்லயே சொல்லியிருந்தா அப்பவே கட்டியிருப்போமே.”

அவர் உள்ளே போய், யாரையும் பார்க்காமல் கையெழுத்துப் போட்டார்.

லைசென்ஸை வாங்கியதும் காளியப்பன் இரண்டு கையையும் கூப்பினான். ராமக்காள் அவன் கையைப் பிடித்துக் கீழே இறக்கினாள்.

“எதுக்குக் கும்புடறீங்க? கோர்ட்டு சொல்லித்தான குடுத்தாரு.”

அது அவர் காதில் விழுந்தது. விழட்டும் என்றுதான் உரக்கச் சொன்னாள்.

மறுநாள் மத்தியானம் மூட்டை தூக்குகிறவர்களும் ஆட்டோக்காரர்களும் பெஞ்சை நிறைத்திருந்தார்கள். பரிமாறிக்கொண்டிருந்த ராமக்காளுக்குச் சந்தோஷம் இருந்தது. கோபம் மட்டும் போகவில்லை. “குழம்பு இன்னும் கொஞ்சம்” என்று கேட்ட ஆளிடம்கூட, “ஊத்தறேன், இருங்க!” என்று எரிந்து விழுந்தாள்.